குமரியின் உள்நாடு: ஒரே நாள், கூட ஒரு வழிகாட்டி. எதை வைப்பது, எதை விடுவது?

மலர்விழி_மதுரை:

எல்லோருக்கும் வணக்கம். அடுத்த மாதம் ஒரு சனிக்கிழமை எங்கள் குடியிருப்பிலிருந்து 16 பேர் வேன் எடுத்துக்கொண்டு குமரி மாவட்டம் வருகிறோம். விவேகானந்தர் பாறை, வள்ளுவர் சிலை, சுசீந்திரம் எல்லாம் அனைவரும் பார்த்தாயிற்று. இந்த முறை கடற்கரையை விட்டுவிட்டு உள்ளே போக ஆசை. போட்டிருக்கும் பட்டியல்: சிதறால், திருவட்டாறு, மாத்தூர் தொட்டிப்பாலம், திருநந்திக்கரை, திற்பரப்பு, பேச்சிப்பாறை, பத்மநாபபுரம் அரண்மனை, உதயகிரிக் கோட்டை. ஊரை நன்றாகத் தெரிந்த ஒருவர் கூடவே வந்து விளக்க வேண்டும் என்றும் விரும்புகிறோம். எழுபது வயது தாண்டியவர்கள் நான்கு பேர், பள்ளிப் பிள்ளைகள் மூன்று பேர் உண்டு. வெள்ளிக்கிழமை இரவு மார்த்தாண்டத்தில் தங்குகிறோம். ஒரே நாளில் இது முடியுமா? முடியாது என்றால் எதை விடலாம்?

வேன்_சேகர்:

அக்கா, வண்டி ஓட்டுகிறவன் என்ற முறையில் சொல்கிறேன். வரைபடத்தில் எல்லாம் பக்கம் பக்கமாகத் தெரியும். எங்கள் மேற்குப் பக்கச் சாலைகள் ஏற்றமும் இறக்கமும் வளைவுமாக இருக்கும். இரண்டு பக்கமும் வீடுகள், நடுவில் பஸ், எதிரில் ரப்பர் தடி ஏற்றிய லாரி. பத்து கிலோமீட்டருக்கு அரை மணி நேரம் என்று கணக்கு வையுங்கள். அப்படிப் பார்த்தால் உங்கள் பட்டியலில் பாதிதான் நிற்கும்.

குழித்துறை_ஆசிரியர்:

மலர்விழி அம்மா, பணி ஓய்வுக்குப் பிறகு வெளியூர் நண்பர்களை இந்தப் பாதையில் அழைத்துப் போவது என் வழக்கம். அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில், பத்மநாபபுரமும் உதயகிரியும் இந்த நாளுக்கு வேண்டாம். அவற்றை மறுநாள் காலைக்கு ஒதுக்குங்கள். பேச்சிப்பாறையையும் விடுங்கள். மீதி ஐந்தும் ஒரே ஆற்றுப் படுகையில் இருக்கின்றன, கேட்கும்போதும் ஒரே கதையாக வரும். கோதையாறும் பறளியாறும் மலையிலிருந்து தனித்தனியாக இறங்கி, திருவட்டாறு பக்கத்தில் மூவாற்றுமுகத்தில் சேர்கின்றன. அங்கிருந்து குழித்துறை வழியாகத் தேங்காப்பட்டணத்தில் கடலில் கலப்பதைத்தான் நாங்கள் தாமிரபரணி என்கிறோம். நெல்லைத் தாமிரபரணி வேறு, இது வேறு. திற்பரப்பு கோதையாற்றின் மேல் நிற்கிறது. மாத்தூர்ப் பாலம் பறளியாற்றைத் தாண்டுகிறது. திருவட்டாறு இரண்டு ஆறும் வளைக்கும் இடத்தில் இருக்கிறது. சிதறால் மலையில் ஏறினால் அந்த ஆறு தென்னைகளுக்கு நடுவே போவது தெரியும். ஆற்றைப் பிடித்துக்கொண்டு போனால் பிள்ளைகளுக்கும் ஊர் மனதில் பதியும்.

அடுத்து நேரம். இங்கே எல்லாவற்றையும் முடிவு செய்வது திருவட்டாறு கோவில்தான். நடை பகல் 12 மணி வாக்கில் சாத்திவிடுவார்கள், மறுபடி திறப்பது மாலை ஐந்து மணிக்கு. நடுவில் போய் நின்றால் கோபுரத்தைப் பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். சிதறால் மலை வெயிலுக்கு முன்னால் ஏற வேண்டியது. அருவி எந்த நேரத்துக்கும் ஒத்துக்கொள்ளும். ஆகவே என் வரிசை இது: காலையில் சிதறால், பதினொன்றுக்குள் திருவட்டாறு, நடை சாத்தியதும் மூன்று கிலோமீட்டரில் இருக்கும் மாத்தூர், குலசேகரத்தில் சாப்பாடு, பிறகு திருநந்திக்கரை, கடைசியாக மாலை நாலு மணிக்குத் திற்பரப்பு. குளித்துவிட்டு அருமனை வழியாக மார்த்தாண்டம் திரும்பிவிடலாம்.

வேன்_சேகர்:

சார் சொன்ன வரிசைதான் சரி. குளியல் கடைசியில் இருந்தால்தான் நல்லது. மத்தியானம் குளித்துவிட்டு ஈரத் துணியோடு மூன்று இடம் ஏறி இறங்கினால் பெரியவர்களுக்குக் காய்ச்சல் வந்துவிடும்.

தக்கலை_ஷாகுல்:

ஆசிரியர் சார் மேல் மரியாதை உண்டு. ஆனால் மதுரையிலிருந்து இவ்வளவு தூரம் வருபவர்களிடம் அரண்மனையை விடச் சொல்வது எனக்கு ஒப்பவில்லை. பத்மநாபபுரம் மாதிரி மர அரண்மனை நம் மாநிலத்தில் வேறு எங்கே இருக்கிறது? 1795 வாக்கில் தலைநகரம் திருவனந்தபுரத்துக்கு மாறும் வரை திருவிதாங்கூரை ஆண்டது இங்கிருந்துதான். பூமுகம் என்ற முகப்பு மண்டபத்தின் கூரையை அண்ணாந்து பாருங்கள், மரத்தில் செதுக்கிய பூக்கள் 90 வகை என்பார்கள். தேங்காய்ச் சிரட்டைக் கரி, சுண்ணாம்பு, முட்டை வெள்ளைக்கரு எல்லாம் சேர்த்து மெழுகிய கருப்புத் தரை இன்றைக்கும் முகம் காட்டும். ஆயிரம் பேருக்கு மேல் உட்கார்ந்து சாப்பிடும் ஊட்டுப்புரை உண்டு. இதைப் பார்க்காமல் குமரியின் வரலாறு என்று எதைச் சொல்வது?

இன்னொன்று, 1956 நவம்பர் 1-ல் நாங்கள் தமிழ்நாட்டோடு இணைந்தோம், அரண்மனை மட்டும் கேரளத் தொல்லியல் துறையின் கையிலேயே இருக்கிறது. திங்கட்கிழமை விடுமுறை. அறைக்கு அறை அவர்களுடைய ஆட்களே நின்று தமிழிலும் மலையாளத்திலும் விளக்குவார்கள்.

குழித்துறை_ஆசிரியர்:

ஷாகுல் தம்பி, அரண்மனையை நான் குறைத்துச் சொல்லவே இல்லை. நீங்கள் எழுதியதே என் பக்கத்துக்கு வலு சேர்க்கிறது. அந்தத் தரையையும் கூரையையும் பார்க்க இரண்டு மணி நேரமாவது வேண்டும். மாலை நாலரைக்கு மூடுகிற இடத்துக்கு மூன்றே முக்காலுக்கு ஓடிப்போய் நுழைந்தால், காவலர் பின்னாலேயே வந்து கதவைச் சாத்திக்கொண்டு வருவார். அதற்குப் போகாமலே இருக்கலாம்.

காலத்தையும் பாருங்கள். அரண்மனையும் உதயகிரியும் மார்த்தாண்ட வர்மா காலத்து 18-ம் நூற்றாண்டுக் கதை. சிதறாலும் திருநந்திக்கரையும் இந்தப் பகுதியை முன்பு ஆண்ட ஆய் மன்னர்களின் 9-ம் நூற்றாண்டுக் கதை. நடுவில் ஏறக்குறைய 900 வருடம் இருக்கிறது. ஒரே நாளில் இரண்டையும் கேட்கிறவர் சாயங்காலம் எந்த ராஜா எந்தக் கோவிலுக்கு என்று குழம்பிவிடுவார்.

சென்னை_அருண்:

நான் மாறுபடுகிறேன். வேலைக்குப் போகிறவர்களுக்கு விடுமுறை கிடைப்பதே அபூர்வம். ஒரு நாளில் எட்டு இடம் என்றாலும் எட்டையும் கண்ணால் பார்த்தோம் என்ற நிறைவு இருக்கும். பிடித்த இடத்துக்கு அடுத்த முறை தனியாக வரலாம். இருபது நிமிடம் போதாதா ஓர் இடத்துக்கு?

கல்வெட்டுப்பிரியை:

அருண், சில இடங்களுக்கு இருபது நிமிடம் போதும். சிதறாலுக்குப் போதாது.

மார்த்தாண்டத்திலிருந்து ஏழு கிலோமீட்டர். கீழே வண்டியை விட்டுவிட்டுக் கல் பதித்த பாதையில் ஏற வேண்டும். பெயர்ப் பலகையில் சிதறால் என்று இருந்தாலும் கல்வெட்டு இந்த மலையைத் திருச்சாணம் என்கிறது, திருச்சாணத்து மலை. உச்சியில் பெரிய பாறை ஒன்று இன்னொன்றின் மேல் சாய்ந்து நிற்க, அடியில் இயற்கையாக அமைந்த குகை. பாறைச் சுவரில் வரிசையாகச் சமணத் தீர்த்தங்கரர்கள். படம் விரித்த பாம்பின் கீழ் நிற்பவர் பார்சுவநாதர். பத்மாவதி அம்மனையும் பார்க்கலாம். குகையோடு சேர்த்துக் கட்டிய மண்டபத்தில் பின்னாளில் பகவதி வந்து அமர்ந்தாள். சமணர் போனபின் இடத்தை இடித்துவிடாமல் அதையே தொடர்ந்து கும்பிட்டார்கள். நாகர்கோவில் நாகராஜா கோவில் தூண்களிலும் சமண உருவங்கள் இருப்பதைப் பார்த்தவர்களுக்கு இது புரியும்.

எனக்கு அந்த மலையில் மிகவும் நெருக்கமானது, வட்டெழுத்து என்ற பழைய தமிழ் எழுத்தில் உள்ள ஒரு கல்வெட்டு. ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணனின் 28-ம் ஆட்சியாண்டில் பொறித்தது. அரிட்டநேமி பட்டாரரின் மாணவி குணந்தாங்கிக் குரத்தியார் என்ற பெண் துறவி, திருச்சாணத்துப் படாரியார் என்ற தெய்வத்துக்குப் பொன் அணிகள் கொடுத்ததைச் சொல்கிறது. குரத்தி என்றால் பெண் ஆசான். ஆயிரத்து நூறு வருடத்துக்கு முன் இந்த மலையில் ஒரு பெண் ஆசிரியையாக மதிக்கப்பட்டு, தன் பெயரைக் கல்லில் விட்டுப்போயிருக்கிறார். இதைச் சொல்லிக் காட்ட ஓர் ஆள் கூட இருந்தால் அந்தப் பாறை முன்னால் இருபது நிமிடம் தானாகவே போய்விடும். பிள்ளைகளை அந்த எழுத்தின் முன் உட்கார வைத்து, ஒவ்வொரு எழுத்தாகக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள்.

அதே வரகுணனின் பெயர் திருநந்திக்கரையிலும் வருகிறது. பாலியம் செப்பேட்டின்படி ஸ்ரீமூலவாசம் பௌத்தப் பள்ளிக்கும் நிலம் கொடுத்தவன் அவன். சைவம், சமணம், பௌத்தம் மூன்றையும் ஓர் அரசன் எப்படிப் பேணினான் என்பது உங்கள் ஒரு நாள் பாதையிலேயே தெரிந்துவிடும். அதனால் ஆசிரியர் சார் பக்கம்தான் நான். ஒரு காலத்தைப் பிடித்துக்கொண்டு போங்கள்.

மலர்விழி_மதுரை:

படிக்கப் படிக்க ஆசை கூடுகிறது. பெரியவர்களால் சிதறால் ஏற முடியுமா? முழங்கால் வலி உள்ளவர் ஒருவர் இருக்கிறார்.

குழித்துறை_ஆசிரியர்:

மெதுவாக ஏறினால் அரை மணி நேரம். படிகள் செங்குத்தாக இல்லை, சரிவான பாதைதான், நடுவில் உட்கார்ந்து மூச்சு வாங்க இடம் உண்டு. முழங்கால் வலி உள்ளவர் ஊன்றுகோலோடு வரட்டும், முடிந்த வரை ஏறட்டும். முடியாவிட்டால் நிழலில் உட்காரட்டும், கூட ஒருவரை விட்டுவிடுங்கள். மேலே கடை எதுவும் கிடையாது. தண்ணீர் கையில் இருக்க வேண்டும். காலி பாட்டிலைத் திரும்பக் கொண்டுவாருங்கள்.

மலை உச்சியில் பாறைக்கு நடுவில் ஒரு சுனை இருக்கிறது. பிள்ளைகள் ஓடிப்போய் எட்டிப் பார்ப்பார்கள். பாறை வழுக்கும், கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

முட்டம்_ரெஜி:

நான் கடற்கரைக்காரன், எங்கள் பக்கத்தையும் பேச வேண்டும். உள்நாடு உள்நாடு என்று சொல்லிக் கடற்கரை ஊர்களை எல்லோரும் விட்டுவிடுகிறீர்கள். கன்னியாகுமரி முனை மட்டும் கடற்கரை ஆகாது. முட்டத்தில் பாறை மேல் ஏறி நின்றால் கீழே அலை அடிக்கிற சத்தத்தில் பேச்சு கேட்காது. கலங்கரை விளக்கம் இருக்கிறது. பக்கத்திலேயே குளச்சல். 1741 ஆகஸ்டில் மார்த்தாண்ட வர்மாவின் படை டச்சுக்காரர்களைத் தோற்கடித்த துறை அது. ஐரோப்பியக் கம்பெனி ஒன்றை இந்திய அரசர் இப்படி மண்ணைக் கவ்வ வைத்தது அபூர்வம். வெற்றித் தூண் இன்றும் நிற்கிறது. மாலையில் அருவிக்குப் பதிலாகக் கடலுக்கு வாருங்கள்.

குலசேகரம்_தோட்டம்:

ரெஜி அண்ணன் சொல்வது நியாயம்தான், ஆனால் திருநந்திக்கரையிலிருந்து முட்டம் போய்ச் சேரும்போது இருட்டிவிடும். கடற்கரைக்குத் தனி நாள் வேண்டும். தேங்காப்பட்டணத்தில் ஆறு கடலில் சேரும் முகத்துவாரம், குளச்சல், மணவாளக்குறிச்சி, முட்டம் என்று கரையைப் பிடித்தே போகலாம்.

நான் இங்கே எழுத வந்தது வேறு விஷயம். வருகிற எல்லோரும் கோவில், பாறை, அருவி என்று இறங்குகிறார்கள். நடுவில் வண்டி கடந்து போகும் நிலத்தை யாரும் பார்ப்பதில்லை. திருவட்டாறு தாண்டிக் குலசேகரம் வரும்போது கண்ணாடியை இறக்கிவிடுங்கள். ரப்பர் தோட்டத்துக்குள் போகும்போது காற்று மாறும், ஷீட் உலர்த்துகிற வாசனை வரும். மரத்தைக் கீறிப் பால் வடிக்கும் பால் வெட்டு விடியற்காலையில் நடக்கிற வேலை. வெயில் ஏறினால் பால் உறைந்து வடிவது நின்றுவிடும். பத்து மணிக்கு மேல் வருபவர்கள் சிரட்டையில் நிற்கும் பாலைத்தான் பார்ப்பார்கள். பெருமழை நாட்களில் வெட்டே இருக்காது. மரத்தில் கட்டியிருக்கும் பிளாஸ்டிக் பாவாடை எதற்கு என்று பிள்ளைகள் கேட்பார்கள். வெட்டு வாயில் மழைத் தண்ணீர் இறங்காமல் இருக்க அது. தோட்டத்துக்குள் இறங்குவதாக இருந்தால் உடையவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். சிரட்டையில் விரல் விட வேண்டாம், ஒரு வீட்டின் அன்றைய கூலி அதில் இருக்கிறது.

மாத்தூர்ப் பாலத்தில் தண்ணீர் ஓடுவதைப் பார்க்க வேண்டும் என்றால் சானல், அதாவது கால்வாய், திறந்திருக்கும் காலத்தில் வர வேண்டும். வழக்கமாக ஜூனில் அணை திறப்பார்கள், கன்னிப்பூ என்ற முதல் போக நெல் சாகுபடிக்கு. இரண்டாம் போகமான கும்பப்பூ முடிந்து கோடையில் சானல் அடைத்துவிட்டால் தொட்டி காய்ந்து கிடக்கும்.

சென்னை_அருண்:

மாத்தூரில் அப்படி என்ன? படத்தில் பார்த்தால் உயரமான ஒரு பாலம்தானே?

குழித்துறை_ஆசிரியர்:

அதன் மேல் கார் போகாது, ரயில் போகாது. தண்ணீர்தான் போகிறது. ஒரு மலைச்சரிவிலிருந்து அடுத்த மலைச்சரிவுக்கு, கீழே பறளியாறு ஓட, அதற்கு 115 அடி உயரத்தில் இன்னொரு நீரோட்டம். ஏறக்குறைய 1,240 அடி நீளம், 28 தூண்கள். மோட்டார் கிடையாது, பம்பு கிடையாது. மட்டம் பார்த்துக் கட்டியதால் தண்ணீர் தானாக நடந்து அக்கரை போய்விடுகிறது. பேச்சிப்பாறை அணை 1906-ல் முடிந்தபோது நாஞ்சில் நாட்டு வயல்களுக்குத்தான் பெரிய பலன். விளவங்கோடு தாலுகாவின் மேட்டு நிலம் காய்ந்தே கிடந்தது. அங்கே தண்ணீர் கொண்டுபோக வேண்டும் என்று காமராசர் ஆட்சியில் எடுத்த முடிவு, 1966-ல் பாலமாக முடிந்தது. என் சிறு வயதில் பெரியவர்கள் அந்தத் தொட்டியில் முதன்முதலாகத் தண்ணீர் வந்ததைக் கண் கலங்கிப் பேசுவார்கள்.

தொட்டியை ஒட்டியே மறுகரை வரை நடக்கலாம். உயரம் ஒத்துக்கொள்ளாதவர்கள் கீழே படி வழியாக ஆற்றங்கரைக்கு இறங்கித் தூண்களை அண்ணாந்து பார்க்கலாம். எனக்குக் கேட்டால், கீழே இறங்கிப் பார்ப்பதுதான் சிறப்பு. மனிதன் கட்டியது எவ்வளவு பெரியது என்று அப்போதுதான் தெரியும்.

கல்வெட்டுப்பிரியை:

திருநந்திக்கரையைப் பற்றி ஒன்று சேர்க்கிறேன், ஏனென்றால் எல்லோரும் திற்பரப்புக்குப் போகிற அவசரத்தில் அதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். மத்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிற சின்னக் குடைவரை. பாறையைக் குடைந்து கருவறை, முன்னால் தூண்கள். சுவரில் பழைய ஓவியங்களின் கோடுகள் அங்கங்கே மிஞ்சியிருக்கின்றன. கண் இருட்டுக்குப் பழகும் வரை ஐந்து நிமிடம் பேசாமல் நின்றால் கோடுகள் தெரிய ஆரம்பிக்கும். டார்ச் அடிக்காதீர்கள், சுவரைத் தொடாதீர்கள். இராசராச சோழன் இந்தப் பகுதியைப் பிடித்தபின் பொறித்த கல்வெட்டும் அங்கே உண்டு. முட்டம் ஊரை மும்முடிச் சோழநல்லூர் என்று பெயர் மாற்றிக் கோவிலுக்குக் கொடுத்ததையும், ஐப்பசிச் சதயத்தில் அவன் பிறந்தநாள் விழா நடத்தியதையும் சொல்கிறது. ரெஜி அண்ணன், உங்கள் ஊர் இந்தக் காட்டுக்குள் கல்லில் இருக்கிறது!

அதற்கு அருகிலேயே நந்தீஸ்வரர் கோவில், வட்டக் கருவறையோடு.

முட்டம்_ரெஜி:

இதுவரை எனக்குத் தெரியாது. வீட்டில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். இந்த ஞாயிறு நானே போகிறேன்.

தக்கலை_ஷாகுல்:

சரி, ஒத்துக்கொள்கிறேன். சனிக்கிழமை ஆறும் ஆய் நாடும். ஆனால் ஞாயிற்றுக்கிழமை காலை எங்கள் பக்கம் வந்தே ஆக வேண்டும். ஒன்பது மணிக்கு அரண்மனை திறக்கும்போது முதல் ஆளாக நில்லுங்கள். அடுத்தது புலியூர்க்குறிச்சியில் உதயகிரிக் கோட்டை. குளச்சலில் பிடிபட்ட டச்சுத் தளபதி டி லனாய் பிறகு மார்த்தாண்ட வர்மாவின் படைக்கே பயிற்சி கொடுத்து, கோட்டையையும் கட்டி எழுப்பி, 1777-ல் இறந்து அங்கேயே அடங்கியிருக்கிறார். கல்லறையில் லத்தீனும் தமிழும் இருக்கும். அவரோடு பழகிக் கிறிஸ்தவரான நட்டாலம் நீலகண்ட பிள்ளைதான் தேவசகாயம். 1752-ல் ஆரல்வாய்மொழி காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டவர், 2022-ல் புனிதராக அறிவிக்கப்பட்டார்.

அப்புறம் திருவிதாங்கோடு. பழைய தலைநகர், இன்று அமைதியான சிறிய ஊர். கருங்கல்லில் கட்டிய அரைப்பள்ளி என்ற பழைய தேவாலயம் அங்கே இருக்கிறது. புனித தோமா நிறுவியது என்பது அந்தச் சபையாரின் நம்பிக்கை. தக்கலையில் எங்கள் பீர்முகம்மது அப்பா தர்காவுக்கும் வாருங்கள். தமிழில் ஞானப் பாடல்கள் பாடிய சூஃபி அவர். ரஜப் மாத ஆண்டு விழாவில் அவருடைய ஞானப்புகழ்ச்சியை இரவு முழுவதும் பாடுவார்கள். தென்காசியில் பிறந்தவர் தக்கலையில் வந்து தமிழில் பாடியதை எங்கள் வீட்டு மூதாட்டிகள் மனப்பாடமாகச் சொல்வார்கள். இவை எல்லாம் ஒன்றுக்கொன்று சில கிலோமீட்டரில் இருக்கின்றன, மதியத்துக்குள் முடியும்.

கல்வெட்டுப்பிரியை:

எனக்கு ஓர் ஆசை இருக்கிறது, இரண்டு நாளிலும் இடம் இல்லை என்றாலும் எழுதி வைக்கிறேன். புதுக்கடை பக்கம் பார்த்திபசேகரபுரம். ஆய் மன்னன் கருநந்தடக்கன் 9-ம் நூற்றாண்டில் முஞ்சிறை ஊர்ச் சபையாருக்கு மாற்று நிலம் கொடுத்து இந்த இடத்தை வாங்கி, பெருமாள் கோவிலும் காந்தளூர்ச் சாலை என்ற கல்வி நிலையத்தை முன்மாதிரியாகக் கொண்ட ஒரு கல்விச் சாலையும் அமைத்தான். 95 மாணவர்கள், செப்பேடு அவர்களைச் சட்டர் என்கிறது. 45 பேர், 36 பேர், 14 பேர் என்று மூன்று வேதப் பிரிவுக்கும் பங்கு பிரித்திருக்கிறார்கள். சண்டை போட்டால் அபராதம், ஆயுதத்தோடு வரக் கூடாது என்று விடுதி ஒழுங்கு வேறு. இன்று அந்தக் கோவில் முன் நின்றால் இப்படி ஒரு கல்லூரி இங்கே நடந்தது என்று சொல்ல ஒரு பலகை போதாது, ஓர் ஆள் வேண்டும். வழிகாட்டி என்று நீங்கள் கேட்டது எவ்வளவு சரி என்பதற்காகவே இதை எழுதினேன்.

குலசேகரம்_தோட்டம்:

வழிகாட்டி பற்றி என் கருத்தும் இதுதான். தேதியை மட்டும் ஒப்பிப்பவரை விட, ஊரில் வாழ்கிறவரை அழைத்துப் போங்கள். கூலியைப் புறப்படும் முன்பே பேசிக்கொள்ளுங்கள், சாப்பாட்டில் அவரையும் கூட உட்கார வையுங்கள். குலசேகரத்தில் மரச்சீனிக்கிழங்கும் மீன்கறியும் கேட்டுச் சாப்பிடுங்கள். மட்டிப்பழம் ஒரு சீப்பு வாங்கி வண்டியில் போடுங்கள். சின்னதாக இருக்கும், பிள்ளைகள் விட மாட்டார்கள். 2023-ல் புவிசார் குறியீடு வாங்கிய பழம்.

திற்பரப்பில் ஞாயிறும் சபரிமலை சீசனும் கால் வைக்க இடம் இருக்காது. சனிக்கிழமை கொஞ்சம் பரவாயில்லை. அணையில் உபரிநீர் திறந்தால் குளிக்கத் தடை போடுவார்கள், அப்போது காவலரிடம் வாதாட வேண்டாம். மேலே மலையில் பெய்த மழை கீழே நிற்பவருக்குத் தெரியாது.

மலர்விழி_மதுரை:

போய் வந்துவிட்டோம்! எல்லோருக்கும் நன்றி சொல்லி, நடந்ததை எழுதுகிறேன், அடுத்து போகிறவர்களுக்கு உதவும்.

ஆசிரியர் சாரே எங்களோடு வந்தார். சிதறாலில் கேட் திறந்ததும் ஏறத் தொடங்கினோம். முழங்கால் வலிக்காரர் என் மாமியார். பாதி வழியில் உட்கார்ந்தவர், மேலிருந்து பிள்ளைகள் கூப்பிட்ட சத்தத்தில் எழுந்து முழுவதும் ஏறிவிட்டார். குரத்தியார் கல்வெட்டின் முன்னால் சார் எழுத்து எழுத்தாக வாசித்துக் காட்டினார். மாமியார் ஊரில் ஆரம்பப் பள்ளி ஆசிரியையாக இருந்தவர். அந்தக் கல்லின் முன்னால் கைகூப்பி நின்றார். நாங்கள் யாரும் அவசரப்படுத்தவில்லை.

திருவட்டாறில் பதினொன்றுக்கு முன்பே நுழைந்தோம். ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும், வேட்டி எடுத்துப் போனது நல்லதாயிற்று. 22 அடிப் பெருமாளை மூன்று வாசல் வழியாகத்தான் முழுவதும் பார்க்க முடிகிறது, முகம் ஒன்றில், நாபி ஒன்றில், பாதம் ஒன்றில். 16,008 சாளக்கிராமங்களைச் சேர்த்து, கடுசர்க்கரை என்ற கலவைப் பூச்சில் செய்த உருவம் என்று சார் சொன்னார். கருவறை முன்னால் இருக்கும் ஒற்றைக்கல் மண்டபம் ஒரே பாறை என்றதும் பிள்ளைகள் இணைப்புக் கோடு தேடித் தேடிப் பார்த்தார்கள். நான் அதிக நேரம் நின்றது பிராகாரத்தில். விளக்கேந்திய பெண்கள் தூணுக்குத் தூண், ஒருத்தி கொண்டை இன்னொருத்திக்கு இல்லை. நம்மாழ்வார் பாடிய தலம் என்று எங்கள் பெரியவர் ஒருவர் பாசுரம் சொன்னார், கேட்டுக்கொண்டே பிராகாரம் சுற்றினோம்.

மாத்தூருக்குப் போனபோது உச்சி வெயில். குடை பிடித்து நடந்தோம், ஆனாலும் மேலே காற்று சுகம். தொட்டியில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. திருநந்திக்கரைக் குகையில் ஓவியக் கோடு தெரிய ஐந்து நிமிடம் நிற்கச் சொன்னது யார்? கல்வெட்டுப்பிரியைதானே? பிள்ளைகளே முதலில் கண்டுபிடித்தார்கள். திற்பரப்பில் ஒன்றரை மணி நேரம் குளித்தோம். அருவிக்கரை மகாதேவர் கோவிலையும் பார்த்துக்கொண்டோம்.

மறுநாள் காலை அரண்மனை, உதயகிரி, அரைப்பள்ளி, தர்கா நான்கும் பார்த்தோம். ஷாகுல், உங்கள் வீட்டுக் கட்டன்சாயாவுக்கு நன்றி. அருண் கேட்ட கேள்விக்கு என் பதில்: இரண்டு நாளையும் ஒன்றாக்கியிருந்தால் மாமியார் அந்தக் கல்லின் முன் நின்றிருக்க முடியாது.

சென்னை_அருண்:

படித்ததும் மனம் மாறிவிட்டது. மாசி மாதத்தில் பெற்றோரோடு வருகிறேன். மகா சிவராத்திரியை ஒட்டி வந்தால் சரியா?

குழித்துறை_ஆசிரியர்:

அருண் தம்பி, சிவராத்திரியும் அதற்கு முந்தைய நாளும் இந்தப் பாதையில் வேன் ஓட்ட நினைக்க வேண்டாம். அப்போது சிவாலய ஓட்டம். முஞ்சிறை திருமலையில் தொடங்கித் திக்குறிச்சி, திற்பரப்பு, திருநந்திக்கரை, பொன்மனை என்று 12 சிவன் கோவில்களையும் கால்நடையாகச் சுற்றித் திருநட்டாலத்தில் முடிப்பார்கள். காவியும் மஞ்சளும் உடுத்து, கையில் விசிறியோடு, கோவிந்தா கோபாலா என்று கூப்பிட்டுக்கொண்டே சிவன் கோவிலுக்கு ஓடும் கூட்டம் சாலை முழுவதும் இருக்கும். அதைப் பார்க்க வேண்டும் என்றால் தனியாக, நடக்கத் தயாராக வாருங்கள். வழி நெடுகப் பானகமும் மோரும் வீட்டு வாசலில் கிடைக்கும். பெற்றோரோடு வருவதாக இருந்தால் அதற்கு அடுத்த வாரம் வாருங்கள். மாசியில் வெயில் ஏறத் தொடங்கியிருக்கும், சிதறாலை ஒன்பதரைக்குள் முடித்துவிட வேண்டும்.

வேன்_சேகர்:

அருண் சார், அடுத்த வாரம் என்றால் வண்டி இருக்கிறது. சனிக்கிழமை சொல்லுங்கள், ஞாயிறு திற்பரப்பு ரோடு அடைபடும்.